சிரிப்பு எழுதும் பிள்ளைக்குச் சிமா எதற்கு?

வெள்ளவத்தையிலிருந்து எழுதிய அம்மாவுக்கு,

உயர்தரத்தில் மகள் வணிகப் பிரிவு. சித்தப்பா சிமா (CIMA என்ற பிரித்தானிய முகாமைக் கணக்கியல் தகைமை) படிக்கட்டும் என்கிறார். அவளோ கொப்பி கொப்பியாகப் பகிடி நாடகம் எழுதுகிறாள். எந்த வழியில் விடுவது என்று கேட்டிருக்கிறீர்கள். "எல்லாம் சரிவரும்" என்று சொல்லி உங்களை அனுப்ப மாட்டேன். சிமாவின் கட்டணம் பவுணில். 2022இல் ரூபா விழுந்தபோது பல குடும்பங்கள் பட்ட பாட்டைப் பார்த்திருப்பீர்கள். விருப்பமில்லாத பிள்ளைக்காக அந்தச் சுமையை ஏற்காதீர்கள்.

குடும்பத் தொலைக்காட்சிக்கும் சிறுவர் நிகழ்ச்சிக்கும் நகைச்சுவை எழுதுவதும் ஒரு தொழில்தான். அரை மணி நேர நிகழ்ச்சியில் விளம்பரம் போக ஏறக்குறைய 22 நிமிடம் மிஞ்சும். பக்கத்துக்கு ஒரு நிமிடம் என்பது பொதுக் கணக்கு. முதலில் கதையை ஐந்து வரியில் எழுதட்டும், பிறகு காட்சி காட்சியாக இரண்டு பக்கம், அதன் பின்தான் வசனம். இரண்டு அறைக்குள் கதை முடிய வேண்டும். கடற்கரை, ரயில், கல்யாண மண்டபம் என்று போனால் செலவுக்குப் பயந்தே திருப்பி அனுப்புவார்கள்.

தமிழில் வினை கடைசியில் வருவதால் சிரிக்கவைக்கும் சொல் நடுவில் புதைந்துபோகும். "தாத்தா கேக்கைத் திண்டிட்டார்" என்றால் சிரிப்பு வராது, "கேக்கைத் திண்டது... தாத்தா!" என்றால் வரும். சிறு பிள்ளைகளுக்குக் குத்தல் பேச்சு புரியாது, செய்கைதான் புரியும். குழந்தை நடிகருக்கு வசனம் எட்டுச் சொல்லைத் தாண்டவேண்டாம். எழுதியதை நாலு பேரை வைத்து உரக்க வாசித்துப் பார்க்கட்டும். சிரிக்காத இடத்தை விளக்கிக்கொண்டிராமல் வெட்டட்டும்.

வேற்றுமொழிக் கார்ட்டூனுக்குத் தமிழ் வசனம் எழுதும் குரல்மாற்று (டப்பிங்) எழுத்தையும் மறக்காதீர்கள். திரையில் உதடு மூடும் இடத்தில் ப, ம போன்ற எழுத்து வசனத்தில் வரவேண்டும். வாய் ஓயும்போது வசனமும் ஓயவேண்டும். மும்மொழி தெரிந்த கொழும்புப் பிள்ளைக்கு இது கைகொடுக்கும்.

மாதச் சம்பளத்தை எதிர்பார்க்காதீர்கள். பெரும்பாலும் அத்தியாயத்துக்கு இவ்வளவு என்றுதான் தருவார்கள். விளம்பர வாசகம், மொழிபெயர்ப்பு என்று பக்க வருமானம் கட்டாயம் வேண்டும். இதற்காக ஊர்க் காணியை விற்று வெளிநாட்டுத் திரைப்படக் கல்லூரிக்கு அனுப்புவதும் வேண்டாம். கொழும்பு 7இல் இலங்கைத் தொலைக்காட்சிப் பயிற்சி நிறுவகம் இருக்கிறது. குறுகிய காலப் பயிற்சிகளை நேரில் போய் விசாரியுங்கள், எந்த மொழியில் என்பதையும் கேளுங்கள். ஆறு மாதம் கொடுங்கள். அதற்குள் மூன்று முழு நாடகப் பிரதி எழுதி முடிக்காவிட்டால் அவளோடு இருந்து மீண்டும் பேசுவோம். அந்தப் பேச்சுக்குச் சித்தப்பா வரவேண்டாம்.

பிரதியை எங்கே கொடுத்தாலும் திகதியிட்ட மின்னஞ்சலில் அனுப்பட்டும். 2003ஆம் ஆண்டின் 36ஆம் இலக்கப் புலமைச் சொத்துச் சட்டப்படி பதிவு செய்யாமலே பதிப்புரிமை உண்டு. ஆனால் ஒப்பந்தத்தில் கையெழுத்திட்டு அதை விற்றுவிடவும் முடியும். மறு ஒளிபரப்புக்கும் யூடியூப்புக்கும் பணம் உண்டா என்று பார்க்காமல் அவள் கையெழுத்து வைக்கக் கூடாது.