குளியலறையில் செந்நிறத் தேள்: குழந்தை இருக்கும் வீட்டில் என்ன செய்வது?

வணக்கம் சகோதரி. குளியலறை மூலையில் விரல் நீளத்தில் செம்பழுப்புத் தேள் ஒன்று இருந்ததாகவும், வீட்டில் இரண்டு வயதுக் குழந்தை இருப்பதாகவும் எழுதியிருந்தீர்கள். சின்னதுதானே என்று விட்டுவிடாதீர்கள்.

நிறத்தைவிட, இரையைப் பிடிக்கும் முன்பக்கக் கொடுக்கையும் வாலையும் பாருங்கள். நண்டுக்கால் போலப் பருத்த கொடுக்கும் ஒல்லியான வாலும் இருந்தால் அது பெரும்பாலும் கருந்தேள். கொட்டினால் கடுமையாக வலிக்கும், உயிருக்கு ஆபத்து அரிது. கொடுக்கு குச்சிபோல மெலிந்து, வால் தடித்திருந்தால் செந்தேள். நீங்கள் சொல்லும் நிறமும் நீளமும் இதற்குப் பொருந்துகின்றன. இதன் விஷம் இதயத்தைத் தாக்கும். குழந்தைகளுக்கு மிகவும் ஆபத்து.

கொட்டிவிட்டால் கட்டுப் போடுவது, கீறுவது, மந்திரிப்பது எதுவும் வேண்டாம். வியர்வை, வாந்தி, கைகால் சில்லிடுதல் தெரியும்வரை காத்திருக்காமல் உடனே அரசு மருத்துவமனைக்குத் தூக்கிச் செல்லுங்கள், 108-ஐ அழையுங்கள். பிரசோசின் என்ற இரத்த அழுத்த மாத்திரை இதற்குக் கைகொடுக்கிறது. மகாராஷ்டிரத்தின் மஹாட் ஊர் மருத்துவர் ஹிம்மத்ராவ் பவஸ்கர் 1980களில் அதைத் தேள்கடிக்குப் பயன்படுத்திக் காட்டினார். ஆனால் மருத்துவர்தான் கொடுக்க வேண்டும்.

இன்றிரவே கள்ளநோட்டு பார்க்கும் புற ஊதா டார்ச் ஒன்று வாங்கி, விளக்கை அணைத்துவிட்டுச் சுவரோரம் அடித்துப் பாருங்கள். தேள் இருந்தால் பச்சை கலந்த நீலமாகப் பளிச்சென்று ஒளிரும். இடுக்கி இல்லாமல் தொடாதீர்கள். குளியலறைத் தண்ணீர் போகும் துளைக்குச் சல்லடை மூடி போடுங்கள். காலையில் செருப்பையும் குழந்தையின் துணியையும் உதறாமல் எடுக்காதீர்கள்.