டெல்ஃப்ட் நகரத்து வீட்டோடு மாப்பிள்ளை: வாசகர் கேள்வி – பதில்

பதினேழாம் நூற்றாண்டு டச்சு ஓவியர் யோஹான்னஸ் வெர்மீரின் படங்களைப் பற்றிச் சென்ற இதழில் எழுதியிருந்தோம். "படம் சரி, குடும்பம் எங்கே? பிழைப்புக்கு என்ன செய்தார்?" என்று டெல்டா வாசகர்கள் பலர் கேட்டிருந்தார்கள். பணக் கணக்குக்கு ஒரு குறிப்பு: 1 கில்டர் என்பது 20 ஸ்டைவர். தேர்ந்த கொத்தனாரின் நாள் கூலி அப்போது ஒரு கில்டரை ஒட்டி இருந்தது.

கே: வெர்மீர் மாமியார் வீட்டில்தான் இருந்தாராமே? அந்த அம்மாள் கல்யாணத்துக்கே சம்மதிக்கவில்லை என்றும் படித்தேன். பிறகு எப்படி ஒரே கூரையின் கீழ்? (வாசகி, மயிலாடுதுறை)

ப: சம்மதிக்கவில்லை என்பது உண்மை. தடுக்கவும் இல்லை என்பதும் உண்மை. 1653 ஏப்ரல் 4 மாலை, மூத்த ஓவியர் லியோனார்ட் பிராமரும், பார்த்தலோமியஸ் மெல்லிங் என்ற படைத் தலைவரும் பெண்ணின் தாயார் மரியா தின்ஸைப் பார்த்துப் பேசினார்கள். கல்யாண அறிவிப்புக்குத் தாயாரின் கையெழுத்து வேண்டும். "கையெழுத்துப் போட மாட்டேன், அறிவிப்பு வந்தால் பொறுத்துக்கொள்கிறேன்" என்ற கருத்தில் அவர் சொன்ன பதிலை மறுநாள் நோட்டரி எழுதி வைத்தார். அதுவே போதுமானதாக இருந்தது. ஏப்ரல் 20-ஆம் தேதி டெல்ஃப்டுக்குப் பக்கத்துக் கிராமமான ஸ்கிப்லூயில் கல்யாணம் நடந்தது.

அம்மாள் தயங்கியதற்குக் காரணங்கள் இல்லாமல் இல்லை. அவர் கௌடா ஊரின் வசதியான கத்தோலிக்கக் குடும்பம். நிலம், வாடகை, வட்டி என்று வருமானம் உள்ளவர். மாப்பிள்ளையோ சீர்திருத்தச் (புராட்டஸ்டன்ட்) சபையில் ஞானஸ்நானம் பெற்றவர். அவருடைய அப்பா பட்டுத் துணி நெய்து, பிறகு சத்திரம் நடத்தி, கூடவே படங்களும் விற்றவர். முந்தைய ஆண்டுதான் இறந்திருந்தார். இதற்கெல்லாம் மேலாக, மரியா தின்ஸின் சொந்தக் கல்யாணமே கசந்துபோன ஒன்று. செங்கல் சூளை முதலாளியான கணவர் கைநீட்டுபவர். சட்டப்படி பிரிந்து, சொத்தில் தன் பங்கை வாங்கிக்கொண்டு மகளோடு டெல்ஃப்டுக்கு வந்தவர் அவர். அப்படிப்பட்டவர் மகளுக்கு மாப்பிள்ளை பார்க்கும்போது மென்று விழுங்கியதில் வியப்பில்லை.

ஆனால் 1660 டிசம்பரில் ஒரு குழந்தையை அடக்கம் செய்த பதிவில், வெர்மீரின் முகவரி மாமியார் வீடு இருந்த ஔட லாங்கென்டைக் தெருதான். மூத்த மகளுக்குப் பாட்டியின் பெயர், மரியா. ஒரு மகனுக்கு இக்னேஷியஸ். இயேசு சபையை நிறுவிய புனிதரின் பெயர். பக்கத்திலேயே அந்தச் சபையாரின் மறைவுக் கோயில் இருந்தது. ஊரார் அந்தப் பகுதியைக் கத்தோலிக்கர் மூலை என்றுதான் சொன்னார்கள். வெளியே கோபுரமோ மணியோ இருக்கக் கூடாது, வீட்டுக்குள் பூசை செய்யலாம் என்பது அன்றைய ஏற்பாடு.

வெர்மீர் சுமார் இருபது ஆண்டுகள் தூரிகை பிடித்தார். இன்று நமக்குக் கிடைப்பவை ஏறக்குறைய 37 படங்கள். இந்த வேகத்தில் வரைந்து எந்த ஓவியரும் பதினோரு பிள்ளைகளை வளர்க்க முடியாது. (பிறந்தவை பதினைந்து, நான்கு சிறு வயதிலேயே போய்விட்டன.) அவரை நிதானமாக வரைய விட்டது மாமியாரின் நிலமும் பெட்டியும்தான் என்பதே எங்கள் முடிவு. படத்தின் கீழே வெர்மீர் என்று கையெழுத்து இருக்கலாம். கணக்கு நோட்டில் மரியா தின்ஸ் பெயரையும் சேர்த்து எழுத வேண்டும்.

கே: போர் வந்தால் ராஜா கவலைப்படலாம். ஓவியர் ஏன் கடனாளியாக வேண்டும்? (வாசகர், திருவாரூர்)

ப: உங்கள் ஊர்க்காரருக்கு இதை எளிதாகச் சொல்லலாம்: வயலில் தண்ணீர் நின்றது, குத்தகை வரவில்லை.

1672-இல் பிரெஞ்சு அரசர் பதினான்காம் லூயியின் படை ஹாலந்தை நோக்கி வந்தது. டச்சுக்காரர்கள் மதகுகளைத் திறந்து, கரைகளை வெட்டி, தங்கள் வயல்களையே மூழ்கடித்தார்கள். தண்ணீர் ஏறக்குறைய முழங்கால் ஆழம். அந்த அளவில்தான் தந்திரமே இருக்கிறது. படகு ஓட்ட ஆழம் பற்றாது. பீரங்கி வண்டி இழுக்க ஆழம் அதிகம். நடுவே மறைந்திருக்கும் வாய்க்கால் எங்கே என்று நடந்து வருபவனுக்குத் தெரியாது. படை நின்றுவிட்டது. ஆனால் ஸ்கோன்ஹோவன் பக்கம் இருந்த மரியா தின்ஸின் நிலமும் தண்ணீருக்குள் போனது. நம் பக்கம் ஐப்பசி, கார்த்திகையில் வயல் மூழ்கினால் வடிகால் பார்த்து அடுத்த பட்டத்துக்காவது தயாராகலாம். அங்கே நிலம் கடல் மட்டத்தை ஒட்டியோ அதற்குக் கீழேயோ இருப்பது. காற்றாலை வைத்து இறைத்தால்தான் வடியும். போர் முடியும்வரை இறைக்கவும் விடமாட்டார்கள்.

இரண்டாவது அடி, சந்தையில் விழுந்தது. பணமுடை வந்தால் முதலில் நிற்பது படம் வாங்குவது. வெர்மீர் தன் படங்களோடு, அப்பாவைப் போலவே பிறர் படங்களையும் வாங்கி விற்றவர். கையிலிருந்த சரக்கு முடங்கியது. அம்மா வழியில் வந்த 'மெக்கலன்' சத்திரத்தை 1672-இல் ஒரு மருந்துக் கடைக்காரருக்கு ஆண்டுக்கு 180 கில்டருக்கு வாடகைக்கு விட்டிருந்தார். இந்தக் குடும்பத்துக்கு அது எந்த மூலைக்கு? 1675 ஜூலையில் ஆம்ஸ்டர்டாமில் 1,000 கில்டர் கடன் வாங்கினார். டிசம்பரில் இறந்துவிட்டார், வயது 43. கடன் தள்ளுபடிக்காக மனைவி கத்தரினா பின்னர் கொடுத்த மனுவில், போரால் வருமானம் நின்றதையும், பிள்ளைகளின் பாரத்தையும், கணவர் நொந்து ஒன்றரை நாளுக்குள் உயிர்விட்டதையும் சொல்கிறார். கடன்காரர் பார்க்க எழுதிய மனு என்பதை மனதில் வைத்துப் படித்தாலும், தேதிகள் அவர் பக்கம்தான் பேசுகின்றன.

கே: ரொட்டிக் கடைக்காரருக்குப் படத்தைக் கொடுத்துக் கடன் அடைத்தார்கள் என்பது கதையா? (வாசகர், பட்டுக்கோட்டை)

ப: கதை இல்லை, பத்திரம் இருக்கிறது. 1676 ஜனவரியில் ஹென்ரிக் ஃபான் பௌட்டன் என்ற ரொட்டிக்காரருக்கு 617 கில்டர் 6 ஸ்டைவர் பாக்கிக்காகக் கத்தரினா இரண்டு படங்களைக் கொடுத்தார். விற்பனை என்று எழுதினாலும் உள்ளே இருப்பது அடகு மாதிரி ஒரு ஏற்பாடு: ஆண்டுக்கு 50 கில்டராகக் கட்டிவந்தால் படங்களை மீட்டுக்கொள்ளலாம்.

ஏழை ரொட்டிக்காரர் இரக்கப்பட்டார் என்று நினைத்துவிடாதீர்கள். ஆள் பணக்காரர், படம் சேர்ப்பவர். 1663 ஆகஸ்டில் மொன்கோனி என்ற பிரெஞ்சுப் பயணி வெர்மீரின் பட்டறைக்குப் போனபோது காட்ட அங்கே ஒரு படமும் இல்லை; ஒரு ரொட்டிக்காரர் வீட்டில்தான் பார்த்தார். ஒரே ஓர் உருவம் உள்ள அந்தப் படத்துக்கு 600 லிவர் (பிரெஞ்சுப் பணம்) கொடுத்ததாகச் சொன்னார்களாம். ஆறு பிஸ்டோல் (ஏறக்குறைய 60 லிவர்) கொடுத்தாலே அதிகம் என்று குறித்துவிட்டுப் போய்விட்டார்.

கே: எங்கள் தெருவில் தஞ்சாவூர் ஓவியம் செய்பவர்கள் பலர். அங்கே யார் வேண்டுமானாலும் வரைந்து விற்கலாமா? (வாசகர், கும்பகோணம்)

ப: முடியாது. டெல்ஃப்டில் புனித லூக்கா சங்கத்தில் பெயர் இருந்தால்தான் படம் விற்கலாம். ஓவியர் மட்டுமல்ல, கண்ணாடி வேலைக்காரர், நீலவண்ணப் பீங்கான் செய்பவர், திரைச்சீலை நெய்பவர், வாள் உறை செய்பவர், புத்தகக் கடைக்காரர், படவியாபாரி எல்லோருக்கும் அதே சங்கம். ஆறு ஆண்டுப் பயிற்சி, பிறகு நுழைவுக் கட்டணம். வெர்மீர் 1653 டிசம்பர் 29-இல் சேர்ந்தார். கட்டணம் 6 கில்டர். அன்று கொடுத்தது ஒன்றரை. மீதி நாலரை 1656 ஜூலையில்தான் வந்தது. கல்யாணமாகி எட்டாம் மாதத்தில் கையில் ரொக்கம் எவ்வளவு இருந்தது என்பது இதிலேயே தெரிகிறது.

இருந்தாலும் சங்கத்தார் அவரை 1662-இலும் 1670-இலும் தலைவர்களில் ஒருவராகத் தேர்ந்தெடுத்தார்கள். ஓவியர், கண்ணாடி, பீங்கான் பிரிவுக்கு இருவர் வீதம் ஆறு தலைவர்கள். பதவி இரண்டு ஆண்டு. உங்கள் தெருவுக்குப் பொருந்தும் இன்னொரு செய்தி: அக்கா கணவர் படச்சட்டம் செய்பவர். அப்பா படவியாபாரி, மைத்துனர் சட்டம், தான் ஓவியர். தொழில் முழுக்க உறவுக்குள்ளேயே சுற்றியது.

கே: வெர்மீர் நீலம் என்ன கல்? அதை நாமே அரைத்து எடுக்க முடியுமா? (ஓவிய ஆசிரியர், தஞ்சாவூர்)

ப: ஆப்கானிஸ்தானின் பதக்‌ஷான் மலையில் கிடைக்கும் லாபிஸ் லாசுலி. 'பால் ஊற்றும் பெண்' படத்தில் ஏப்ரன், 'முத்துத் தோடு அணிந்த பெண்' படத்தில் தலைத்துணி இரண்டிலும் அதுதான். மலிவான நீலங்கள் கடையில் இருந்தும் அவர் இதையே தாராளமாகப் பூசினார். வாங்கக் காசு எங்கிருந்து என்பதற்கு மாமியாரோடு இன்னொரு வீட்டையும் சொல்ல வேண்டும். பீட்டர் ஃபான் ரௌவனும் அவர் மனைவி மரியா டி க்னௌட்டும் இவருடைய படங்களில் பெரும்பகுதியைச் சேர்த்தவர்கள். கணவர் 1657-இல் 200 கில்டர் கடன் கொடுத்தார். மனைவி 1665 உயிலில் ஓவியருக்கு 500 கில்டர் எழுதி வைத்தார்.

எடுக்கும் முறைக்கு வருவோம். கல்லை வெறுமனே அரைத்தால் சாம்பல் நிறப் பொடிதான் வரும். கல்லுக்குள் வெள்ளைச் சுண்ணாம்புக் கனிமம் கலந்திருக்கும். அரைக்க அரைக்க அந்த வெள்ளை நீலத்தை மூடிவிடும். அதனால் பழைய இத்தாலியச் செய்முறை இப்படி: 1 பவுண்டு (12 அவுன்ஸ் கொண்ட பழைய பவுண்டு) சலித்த கற்பொடிக்கு 6 அவுன்ஸ் பைன் பிசின், 3 அவுன்ஸ் மாஸ்டிக் பிசின், 3 அவுன்ஸ் புது மெழுகு. மூன்றையும் உருக்கி வடிகட்டி, பொடியைச் சேர்த்து மாவாகப் பிசையுங்கள். குறைந்தது மூன்று நாள், தினமும் பிசைந்து வையுங்கள். பிறகு வெதுவெதுப்பான சாம்பல் காரநீரில் இரண்டு குச்சிகளால் அழுத்தி உருட்டினால் நீலம் மட்டும் நீரில் இறங்கும். வெள்ளையும் பொன்னிறத் துகளும் மாவிலேயே தங்கும். முதல் நீரில் இறங்குவது முதல் தரம். அடுத்தடுத்தது வெளிறும், கடைசியில் சாம்பல்.

கெட்டுப்போகும் இடங்கள் மூன்று. பொடியை மிக நைசாக அரைத்தால் நிறம் வெளிறிவிடும். காரநீர் கொதிக்கும் சூட்டில் இருந்தால் மாவு உருகி, எல்லாம் கலந்துவிடும். எலுமிச்சை, வினிகர் போன்ற புளிப்பு எதுவும் பட்டால் நீலம் செத்து, அழுகிய முட்டை நாற்றம் வரும். மாணவர்களுக்குக் காட்ட மட்டும் என்றால் இவ்வளவு பாடு வேண்டாம். வெள்ளை வேட்டிக்குப் போடும் பழைய நீலத் தூள், தொழிற்சாலையில் செய்த இதே நிறப்பொருள்தான். சொட்டு நீலம் வேறு. அது சாயம், ஓவியத்துக்கு ஆகாது.

கே: நாகையை ஆண்ட டச்சுக்காரர்களுக்கும் வெர்மீருக்கும் தொடர்பு உண்டா? (வாசகர், நாகப்பட்டினம்)

ப: ஊர் வழியாக உண்டு, ஆள் வழியாக இல்லை. டச்சுக் கிழக்கிந்தியக் கம்பெனிக்கு ஆறு நகரங்களில் கிளைச் சபைகள். டெல்ஃப்ட் அதில் ஒன்று. அந்தக் கம்பெனி 1658-இல் போர்ச்சுகீசியரிடமிருந்து நாகையைப் பிடித்தபோது, வெர்மீர் பால் ஊற்றும் பெண்ணை வரைந்துகொண்டிருந்த காலம். கத்தோலிக்கர்களிடமிருந்து நாகையைப் பிடித்த கம்பெனியின் கிளைச் சபை இருந்த ஊரில், கத்தோலிக்க மூலையில் குடியிருந்தார் அவர். படங்களில் மேசை மேல் விரித்திருப்பது பெரும்பாலும் துருக்கி, பாரசீகப் பக்கத்துக் கம்பளம். சோழமண்டலத் துணி என்று சொல்வதற்கில்லை. 'புவியியலாளர்' படத்தில் வரும் தளர்வான அங்கி, கம்பெனிக் கப்பல் கொண்டுவந்த ஜப்பானிய மோஸ்தர்.

கே: பால் ஊற்றும் பெண் அவர்கள் வீட்டு வேலைக்காரியா? (வாசகி, சீர்காழி)

ப: வீட்டில் தன்னெக்கெ எவர்புல் என்ற பணிப்பெண் இருந்தார். அவர்தான் மாடல் என்பதற்குச் சான்று இல்லை. ஆனால் அவரை வேறொரு காரணத்துக்காக நினைவில் வைக்கலாம். 1663-இல் கத்தரினாவின் அண்ணன் வில்லெம், இரும்பு முனை வைத்த தடியோடு கர்ப்பிணித் தங்கையைத் தாக்க வந்தபோது குறுக்கே நின்று தடுத்தவர் தன்னெக்கெதான். நோட்டரி முன் பதிவான சாட்சி அது. பிறகு மரியா தின்ஸே மகனைக் காப்பில் அடைக்க ஏற்பாடு செய்தார். அந்தப் படங்களின் அமைதியைப் பார்த்துவிட்டு வீடும் அப்படித்தான் இருந்திருக்கும் என்று நினைப்பவர்கள் இதைப் படிக்க வேண்டும்.

கே: நுண்ணோக்கி லேவன்ஹுக் இவருக்கு நண்பரா? (மாணவர், மன்னார்குடி)

ப: 1632-இல் இருவருக்கும் ஒரே கோயிலில், சில நாள் இடைவெளியில் ஞானஸ்நானம். 1676-இல் நகராட்சி அவரை வெர்மீர் சொத்தின் பொறுப்பாளராக நியமித்தது. நட்பு என்பதற்கு எழுத்து ஆதாரம் இல்லை. பொறுப்பாளராக அவர் கறார்: 'ஓவியக் கலை' என்ற படத்தைக் கத்தரினா கடனுக்காகத் தன் தாயாருக்கு மாற்றிக் கொடுத்ததை அவர் ஏற்கவில்லை, அதையும் ஏலத்தில் சேர்க்கப் பார்த்தார். வெர்மீர் இறந்தபின் எடுத்த சொத்துப் பட்டியலில், மாடி அறையில் இரண்டு ஓவியத் தாங்கி, மூன்று வண்ணத் தட்டு, பத்து ஓவியச் சீலை, நிறம் அரைக்கும் கல் மேசை உண்டு. லென்ஸ் எதுவும் இல்லை.

கே: பள்ளிக்கூடச் சுவரில் அசல் அளவில் மாட்ட, எப்படி அச்செடுப்பது? (ஆசிரியை, திருத்துறைப்பூண்டி)

ப: ஆம்ஸ்டர்டாமின் ரைக்ஸ் மியூசியம் தன் தளத்தில் உயர்தரக் கோப்பை இலவசமாகவே தருகிறது. 'பால் ஊற்றும் பெண்' 45.5 × 41 செ.மீ. மட்டுமே. 300 டி.பி.ஐ. (ஓர் அங்குலத்துக்கு 300 புள்ளி) வேண்டுமென்றால் கோப்பு 5,374 × 4,843 பிக்சலுக்குக் குறையக் கூடாது. ஃப்ளெக்ஸ் கடைக்குப் போகாதீர்கள்: தள்ளி நின்று பார்க்கும் அச்சு அது, கிட்டே வந்தால் புள்ளி தெரியும், நீலம் ஊதாவாகிவிடும். இன்க்ஜெட்டில், பளபளப்பில்லாத கேன்வாஸில் எடுக்கச் சொல்லுங்கள். முதலில் ஏப்ரன் வரும் பகுதியை மட்டும் உள்ளங்கை அளவு அச்சிட்டு, பகல் வெளிச்சத்தில் பார்த்துவிட்டு முழுப் படத்துக்குப் போங்கள். 'பேப்பருக்குப் பொருத்து' என்ற தேர்வைக் கடைக்காரர் நீக்கிவிட்டாரா என்று பக்கத்தில் நின்று பார்த்துக்கொள்வதும் அவசியம்.