பட்டா, வரி, மனு: கடலூர் மாவட்ட வாசகர்களுக்குப் பதில்கள்

பதில் சொல்பவர், வருவாய்த் துறையில் பணியாற்றி ஓய்வு பெற்ற நம் உறுப்பினர்.

நெல்லிக்குப்பம்: கூட்டுப் பட்டாவில் என் பங்கை உட்பிரிவு செய்யக் கேட்டேன். ‘ஆவணம் போதவில்லை’ என்று ஒற்றை வரியில் தள்ளுபடி. எந்த ஆவணம் என்று யாரும் சொல்லவில்லை.

பதில்: இப்படி ஒரு வரி எழுதி மூடுவது மனுதாரரை அவமதிப்பது. வட்டாட்சியர் உத்தரவை எதிர்த்துக் கோட்டாட்சியரிடம் மேல்முறையீடு செய்யுங்கள். 1983-ஆம் ஆண்டு பட்டா பாஸ் புத்தகச் சட்டம் தரும் உரிமை அது. அங்கும் தீராவிட்டால் மாவட்ட வருவாய் அலுவலரிடம் சீராய்வு. கூடவே, தகவல் உரிமைச் சட்டத்தில் 10 ரூபாய் கோர்ட் ஸ்டாம்ப் ஒட்டி எழுதுங்கள். ‘ஏன் தள்ளினீர்கள்’ என்று கேட்டால் நழுவிவிடுவார்கள். ‘என் மனு மீது சர்வேயரும் விஏஓவும் எழுதிய குறிப்புகளின் நகல் வேண்டும்’ என்று கேளுங்கள். 30 நாளில் வராவிட்டால் அதற்கும் மேல்முறையீடு உண்டு. ஒப்புகைச் சீட்டு வாங்காமல் எதையும் கொடுக்காதீர்கள்.

பாகூர்: எனக்கும் இதே சிக்கல்.

பதில்: உங்கள் ஊர் புதுச்சேரி. நான் சொன்ன பட்டா சட்டம் தமிழ்நாட்டுக்கானது. அங்குள்ள தாலுகா அலுவலகத்தில் கேளுங்கள்.

கடலூர் முதுநகர்: வருட விற்பனை 40 லட்சத்துக்குக் கீழே. புதுச்சேரிக் கடைக்கு முந்திரிப் பருப்பு அனுப்ப ஜிஎஸ்டி பதிவு வேண்டுமா?

பதில்: வேண்டும். தென்பெண்ணைப் பாலம் தாண்டிக் கொஞ்ச தூரம்தான், ஆனால் சட்டத்துக்கு அது வெளி மாநிலம். வெளி மாநிலத்துக்குச் சரக்கு விற்றால் பதிவு வேண்டாம் என்று விலக்கு தரும் அந்த 40 லட்ச வரம்பு உதவாது. சிறு வியாபாரியை இப்படி வாட்டுவது அநியாயம். ரிட்டர்ன் விவரத்துக்கு ஆடிட்டரைப் பாருங்கள்.

பண்ருட்டி: இவ்வளவு அலைவதற்கு, கையில் கொடுத்தால் முடிந்துவிடுமே?

திருப்பாதிரிப்புலியூர்: நீங்கள் கொடுப்பதால்தான் எங்கள் மனு அடியில் கிடக்கிறது!

பண்ருட்டி: நிலத்தை விற்றால்தான் மகள் கல்யாணம். உங்களுக்கென்ன, பேசலாம்.

திருப்பாதிரிப்புலியூர்: என் வீட்டிலும் கல்யாணம் இருக்கிறது ஐயா.

பதில்: பண்ருட்டிக்காரரே, அவசரம் புரிகிறது, ஆனால் வழி தப்பு. ஊழல் தடுப்புச் சட்டத்தில் 2018-இல் வந்த திருத்தத்துக்குப் பின் லஞ்சம் கொடுப்பவருக்கும் 7 ஆண்டு வரை சிறை. கட்டாயத்தால் கொடுத்தவர் 7 நாளுக்குள் புகார் செய்தால் தப்பலாம். அதுவரை போவானேன்? கேட்ட அன்றே, கொடுக்கும் முன்பே, லஞ்ச ஒழிப்புத் துறைக்குப் போங்கள். வாங்கிப் பழகியவர் அடுத்து உங்கள் மகளிடமும் கேட்பார்.

சிதம்பரம்: பட்டா மனு தள்ளுபடியாகிவிட்டது, என்ன செய்ய?

பதில்: முதல் பதிலைப் படியுங்கள்.

விருத்தாசலம்: கலெக்டர் ஆபீஸில் திங்கட்கிழமை குறைதீர் நாளில் மனு கொடுத்தேன். பதிலே இல்லை.

பதில்: ஒப்புகைச் சீட்டு இருக்கிறதா?

விருத்தாசலம்: வாங்கவில்லை.

பதில்: வரும் திங்கள் மறுபடி கொடுங்கள். எண் போட்ட சீட்டு கைக்கு வராமல் அங்கிருந்து நகராதீர்கள்.