கோதிக் பேராலயங்கள்: கேட்டவர்களுக்குப் பதில்கள்

ஐயா, ஐரோப்பாவின் இடைக்காலக் கோதிக் பாணித் தேவாலயங்களில் சுவர் முழுக்கக் கண்ணாடியாக இருக்கிறதே, அத்தனை பெரிய கல் கூரையை எது தாங்குகிறது?

கல் வளைவுக் கூரை கீழ்நோக்கி மட்டும் அழுத்தாது, சுவரை வெளிப்பக்கமாகவும் தள்ளும். கோதிக்குக்கு முந்தைய ரோமனெஸ்க் பாணி ஆலயங்கள் அதைத் தடித்த சுவரால் சமாளித்தன. அதனால் ஜன்னல் சிறியது, உள்ளே இருட்டு. கோதிக் கொத்தர்கள் கூரைக்குக் குறுக்கே விலா எலும்பு போன்ற கல் வளைவுகள் (விலாக்கள்) கட்டி, பாரத்தைக் குறிப்பிட்ட தூண்களுக்குத் திருப்பினார்கள். கூர்முனை வளைவு அரைவட்டத்தைவிடக் குறைவாகத்தான் வெளியே தள்ளும். மிச்சமிருந்த தள்ளலை, வெளியே நிற்கும் உதைசுவர்கள் சாய்வான கல் வளைவுகள் வழியாக வாங்கி மண்ணுக்கு இறக்கின. அப்புறம் தூண்களுக்கு நடுவே சுவர் எதற்கு? அந்த இடம் கண்ணாடிக்குப் போனது. உள்ளே பார்த்துவிட்டு வந்துவிடாதீர்கள். வெளியே ஒரு சுற்று வந்தால்தான் கட்டடம் புரியும்.

இதெல்லாம் பிரெஞ்சுக்காரர்கள் கண்டுபிடித்ததா?

முழுக்க அப்படிச் சொல்ல முடியாது. 1093இல் தொடங்கிய இங்கிலாந்தின் டர்ஹம் ஆலயத்திலேயே விலாக் கூரை உண்டு. கூர்முனை வளைவு இஸ்லாமியக் கட்டடங்களில் அதற்கும் முன்பே இருந்தது. பாரிஸுக்கு வடக்கே சென் தெனி மடாலய ஆலயத்தில், மடாதிபதி சுஜே 1144இல் அர்ப்பணித்த பகுதியில் இவை ஒளிக்காக ஒன்றுசேர்ந்தன. என் பார்வையில் அந்தச் சேர்க்கைதான் பெரிய சாதனை.

ஒரு ஆலயம் முடிய நூறு வருடம் ஆகுமாமே?

பணத்தைப் பொறுத்தது. 1194 தீ விபத்துக்குப் பின் பிரான்சின் ஷார்த்ர் ஆலயத்தின் பெரும்பகுதி முப்பது வருடத்துக்குள் எழுந்துவிட்டது. ஜெர்மனியின் கொலோன் ஆலயம் 1248இல் தொடங்கி 1880இல்தான் முடிந்தது. நடுவே சில நூற்றாண்டுகள் வேலையே நடக்கவில்லை.

அண்ணா, அந்தக் காலத்துக் கணக்கு தப்பியதே இல்லை என்கிறார்களே?

தப்பியிருக்கிறது. இன்று நாம் பார்ப்பது பிழைத்து நின்றவற்றை மட்டும்தான். வட பிரான்சின் போவே ஆலயத்தில் கூரையைச் சுமார் 48 மீட்டருக்கு உயர்த்தினார்கள். 1284இல் அதில் ஒரு பகுதி சரிந்தது. இடையிடையே கூடுதல் தூண்கள் வைத்துத் திரும்பக் கட்டினார்கள். பதினாறாம் நூற்றாண்டில் அதன் மேலேயே சுமார் 150 மீட்டர் உயரக் கோபுரம் எழுப்பினார்கள். மேற்கே அணைகொடுக்க வேண்டிய நீண்ட மண்டபம் அப்போது கட்டப்படவே இல்லை. 1573இல் கோபுரம் விழுந்தது. அந்த மண்டபம் இன்றுவரை கிடையாது. எனக்கு மிகவும் பிடித்த ஆலயம் இதுதான். கொத்தர்கள் எந்த எல்லையில் நின்று வேலை செய்தார்கள் என்பது இங்கேதான் தெரிகிறது.

பழைய ஜன்னல் கண்ணாடி அடியில் தடித்திருப்பது, அது மெல்ல வழிந்ததாலா?

இல்லை. ஊதித் தட்டையாக்கிய தகடு ஒரே கனத்தில் வராது, அவ்வளவுதான். மேலே தடித்த துண்டுகளும் உண்டு.

2019இல் பாரிஸின் நோத்ர தாம் ஆலயம் எரிந்தபோது ஏன் முழுதாக இடியவில்லை?

எரிந்தது கல் கூரைக்கு மேலிருந்த ஓக் மரக் கூரை. மரக்கூரை மழையைத் தடுக்கும், அடியிலுள்ள கல் கூரை தீயைத் தடுக்கும். பத்தொன்பதாம் நூற்றாண்டு ஊசிக்கோபுரம் விழுந்து சில இடங்களில் கல் கூரையைத் துளைத்தது, மற்றபடி பெரும்பகுதி தாங்கிவிட்டது. மரக்கூரையை மறுபடியும் ஓக்கிலேயே கட்டி, 2024 டிசம்பரில் ஆலயத்தைத் திறந்தார்கள்.