தொகுப்பு மேசையிலிருந்து இயக்கத்துக்கு

கேள்வி: எட்டு ஆண்டுகளாகப் பிறருடைய குறும்படங்களையும் ஆவணப்படங்களையும் தொகுத்துக் கொடுத்து வருகிறேன். நானே எழுதிய முழுநீளத் திரைக்கதை ஒன்று கையில் இருக்கிறது. எடிட்டிங்கை விட்டுவிட்டு இயக்கத்தில் இறங்கலாமா? அந்தப் படத்தை நானே தொகுத்தால் செலவு மிச்சமாகும் அல்லவா?

பதில்: தாராளமாக இறங்குங்கள், ஆனால் எடிட்டிங்கை விட்டுவிடாதீர்கள். சுயாதீனப் படம் ஒன்று எழுத்திலிருந்து திரைக்கு வந்து சேரச் சில ஆண்டுகள் பிடிப்பது வழக்கம் என்பதால், அதுவரை உங்களைத் தாங்கப்போவது கற்ற தொழில்தான். முன்பணம் வாங்காமலும், எத்தனை முறை திருத்தித் தருவீர்கள் என்று எழுதிக்கொள்ளாமலும் எந்த வேலையையும் எடுக்காதீர்கள். முடிவில்லாத திருத்தங்கள் உங்கள் எழுத்து நேரத்தைத் தின்றுவிடும்.

இரண்டாவது கேள்வியில்தான் எனக்குத் தயக்கம். 90 நிமிடப் படத்துக்கு, திரையில் வரும் ஒவ்வொரு நிமிடத்துக்கும் பத்து நிமிடம் என்ற கணக்கில் எடுத்தால்கூட 15 மணி நேரக் காட்சிகள் சேரும். அவற்றில் ஒவ்வொரு ஷாட்டையும் பார்க்கும்போது, அது எவ்வளவு பாடுபட்டு எடுக்கப்பட்டது என்பது உங்களுக்கு நினைவில் இருக்கும். அரை நாள் வெளிச்சத்துக்காகக் காத்திருந்து எடுத்த ஷாட்டை வெட்ட யாருக்குத்தான் கை வரும்? படப்பிடிப்புப் பக்கமே வராத ஒருவருக்கோ, அது கதையை நிறுத்திவைக்கும் ஒரு நீளமான ஷாட், அவ்வளவுதான். இத்தனை காலம் பிறர் படங்களுக்கு நீங்கள் கொடுத்துவந்ததும் இந்தப் பற்றில்லாத பார்வையைத்தான்.

பிரிட்டிஷ் திரைக்கலைஞர் டேவிட் லீன் 1930களில் பெயர்பெற்ற தொகுப்பாளராக இருந்து, 1942-இல் இயக்குநரானவர். அப்படிப்பட்டவரே தாம் இயக்கிய 'லாரன்ஸ் ஆஃப் அரேபியா' படத்தின் தொகுப்பை ஆன் கோட்ஸிடம் ஒப்படைத்தார்; அதற்காக ஆன் கோட்ஸ் ஆஸ்கர் விருதும் பெற்றார். 1984-இல் வெளியான தம் கடைசிப் படத்தை லீன் தாமே தொகுத்தார் என்பதும் உண்மை. ஆனால் அதற்குள் அவர் இயக்குநராக நாற்பது ஆண்டுகளைக் கடந்திருந்தார். உங்களுக்கு இது முதல் படம்.

பணம்தான் தடை என்றால், காட்சிகளைத் திரைக்கதை வரிசைப்படி கோக்கும் முதல் வேலையை நீங்களே செய்துவிட்டு, ரஃப் கட்டிலிருந்து (கோத்ததை வெட்டிச் சுருக்கிப் படத்துக்கு முதல் வடிவம் கொடுக்கும் கட்டத்திலிருந்து) வேறொருவரிடம் கொடுங்கள். உங்களைப் போலவே இயக்கும் ஆசையுள்ள இன்னொரு எடிட்டர் கிடைத்தால், அவர் படத்தை நீங்களும் உங்கள் படத்தை அவரும் தொகுப்பதாகப் பேசிக்கொள்ளலாம். அவரிடம் திரைக்கதையைப் படப்பிடிப்புக்கு முன்பே கொடுத்து, எந்தக் காட்சியில் எந்த ஷாட் இல்லாமல் திண்டாட நேரும் என்று கேட்டுக் குறித்துக்கொள்ளுங்கள்.