சுரங்கம் விட்டுச் செல்லும் சேறு

கேள்வி: வளரும் நாடுகளுக்குப் பெருஞ்சுரங்கங்கள் வேலையும் அந்நியச் செலாவணியும் தருகின்றன. ஆனாலும் அந்தந்த வட்டார மக்களே அவற்றை எதிர்ப்பது ஏன்?

பதில்: வரவு ஓரிடத்திலும் செலவு வேறிடத்திலும் விழுவதுதான் காரணம். வரி தலைநகருக்கும் ஈவுத்தொகை பங்குதாரர்களுக்கும் போய்ச் சேர, கழிவு மட்டும் ஆற்றோரத்து மக்களிடம் தங்கிவிடுகிறது. செம்புத் தாதுவில் செம்பு பெரும்பாலும் நூற்றில் ஒரு பங்குகூடத் தேறாது. மீதியெல்லாம் மாவாக அரைபட்டுச் சேறாக வெளியேறும்.

பப்புவா நியூ கினியின் ஓக் டெடி செம்புச் சுரங்கத்தில், இந்தச் சேற்றைத் தேக்குவதற்காகக் கட்டப்பட்டுவந்த அணையின் அடித்தளம் 1984இல் நிலச்சரிவில் அழிந்தது. அப்போதைக்கு மட்டும் என்று சொல்லிச் சேற்றை ஆற்றில் விட அரசு இசைந்தது. அணை பிறகு கட்டப்படவே இல்லை. நாளொன்றுக்குச் சுமார் 80,000 டன் சேறு இறங்கியதில் ஆற்றுப்படுகை மேடேறி, வெள்ளம் கரைகடந்து காட்டுக்குள் தேங்க, மரங்கள் நின்றபடியே பட்டுப்போயின. மீன்வளம் குன்றியது, கரையோரத் தோட்டங்களும் மக்களுக்கு உணவளித்த சேகோ பனைகளும் பாழாயின. பெரும்பங்கு வைத்திருந்த பி.எச்.பி. நிறுவனம் 2002இல் தன் பங்கை ஒரு வளர்ச்சி நிதியமைப்பிடம் ஒப்படைத்து, வழக்குகளிலிருந்து சட்டப் பாதுகாப்பும் பெற்று வெளியேறியது. சுரங்கத்தை உடனே மூடவும் வழியில்லை, ஏனெனில் நாட்டின் ஏற்றுமதி வருவாய் அதை அவ்வளவு நம்பியிருந்தது. சேதத்தைவிட இந்தச் சிக்கலே கொடியது என்பேன்.

கேள்வி: முறையாக அணை கட்டிவிட்டால் போதாதா?

பதில்: எப்படிக் கட்டுகிறோம் என்பதைப் பொறுத்தது. செலவு குறைவு என்பதால், ஏற்கெனவே படிந்த சேற்றின் மீதே அடுத்தடுத்த படிகளை உயர்த்திச் செல்லும் முறை பரவியது. சேற்றில் நீர் வடியாமல் நின்றால் அது ஒரு நொடியில் குழம்பாகி ஓடக்கூடும். பிரேசிலின் புருமாஜின்யோவில் 2019 ஜனவரியில் உடைந்த அணை இவ்வகையைச் சேர்ந்ததுதான். அதில் சில ஆண்டுகளாகச் சேறு விடப்படவில்லை. உறுதியாக இருக்கிறது என்ற சான்றிதழும் இருந்தது. சுரங்க நிறுவனத்தின் அலுவலகமும் உணவகமும் அணைக்கு நேர் கீழே இருந்தன. இறந்த 270 பேரில் பெரும்பாலோர் அங்கே வேலை பார்த்தவர்களே.

கேள்வி: மக்கள் எதிர்த்து வென்றதுண்டா?

பதில்: உண்டு. ஒடிசாவின் நியம்கிரி மலையில் அலுமினியத் தாதுவான பாக்சைட் எடுப்பது குறித்து முடிவெடுக்கும் பொறுப்பை 2013இல் உச்ச நீதிமன்றம் கிராம சபைகளிடம் விட்டது. கூடிய 12 சபைகளும் மறுத்துவிட்டன. அங்கே முதல் பாறை உடைபடுவதற்கு முன்பே மக்களிடம் கேட்கப்பட்டது. ஓக் டெடியில் இழப்பீட்டுக்கான சமரசமே 1996இல்தான் வந்தது.