மகள் படம் எழுதி இயக்கப் போகிறேன் என்கிறாளா?

அக்கா, அபிட்டூர் என்ற பள்ளி இறுதித் தேர்வை முடித்துவிட்டு மருத்துவத்துக்குப் போவாள் என்று பார்த்திருந்த மகள், இப்போது படம் எழுதி இயக்கப் போகிறேன் என்கிறாள், சாப்பாட்டுக்கு என்ன செய்வாள் என்று கேட்டிருந்தீர்கள். நியாயமான பயம். இதே ஜெர்மனியில் அந்த வேலையைச் செய்யும் ஒரு பெண் எப்படி வந்தார் என்று முதலில் பாருங்கள்.

மாரென் ஆடே, 1976இல் கார்ல்ஸ்ரூவில் பிறந்தவர், அப்பா அம்மா இருவரும் ஆசிரியர்கள். 1998இல் மியூனிக் திரைப்படக் கல்லூரியில் சேர்ந்தபோது அவர் எடுத்த பாடம் தயாரிப்பும் ஊடகப் பொருளாதாரமும். இயக்கத்துக்கு அப்புறம்தான் மாறினார். படிக்கும்போதே யானினே யாக்கோவ்ஸ்கி என்ற சக மாணவியோடு சேர்ந்து கோம்ப்ளிசென் ஃபில்ம் என்று ஒரு தயாரிப்பு நிறுவனமும் தொடங்கிவிட்டார், எனக்கு அதுதான் அவர் எடுத்த மிக நல்ல முடிவாகத் தெரிகிறது. ஏனென்றால் தானே எழுதி இயக்குபவருக்குப் படம் வருடா வருடம் அமையாது. பட்டப்படிப்புக்காக எடுத்த முதல் படம் 2003, அடுத்தது 2009, பிறகு கான் திரைப்பட விழாப் போட்டிக்கும் ஆஸ்கர் பரிந்துரைக்கும் போன 'டோனி எர்ட்மன்' 2016. 13 வருடத்தில் 3 படம்! ஆனால் அந்த நிறுவனம் மற்ற இயக்குநர்களின் படங்களையும் தயாரித்தபடியே இருந்தது, இளவரசி டயானாவைப் பற்றி 2021இல் வந்த 'ஸ்பென்சர்' உட்பட.

அதனால் மகள் இயக்கத்துக்கு மட்டும் விண்ணப்பிக்க வேண்டாம், தயாரிப்பு, திரைக்கதைப் பிரிவுகளையும் பார்க்கட்டும். மியூனிக் இல்லாவிட்டால் பெர்லின், பாட்ஸ்டாம், லுட்விக்ஸ்பூர்க் இருக்கின்றன. இடங்கள் மிகக் குறைவு, முதல் தடவை கிடைக்காமல் போகலாம், அதை வைத்து அவளுக்குத் திறமை இல்லை என்று மட்டும் வீட்டில் யாரும் சொல்லிவிடாதீர்கள். டோம் டிக்வர் என்ற ஜெர்மன் இயக்குநரைப் பல திரைப்படக் கல்லூரிகள் சேர்த்துக்கொள்ளவில்லை. தியேட்டரில் படம் ஓட்டும் வேலை பார்த்தவர் அவர், 1998இல் 'லோலா ரென்ட்' எழுதி இயக்கினார்.

சரி, காசு. உங்கள் வருமானத்தைப் பொறுத்து பாஃபெக் என்ற அரசு படிப்பு உதவித்தொகை கிடைக்கும், அதில் பாதி திருப்பிக் கட்டத் தேவையில்லாதது, மீதிக்கு வட்டி இல்லை. படித்து முடித்துத் தனியாக எழுதிச் சம்பாதிக்கத் தொடங்கினால் கலைஞர்களுக்கான சமூகக் காப்புறுதி, அதுதான் கே.எஸ்.கே., இருக்கிறது. மருத்துவக் காப்புறுதி, ஓய்வூதியம் இரண்டுக்கும் கட்டணத்தில் பாதியை அவள் கட்டினால் போதும். வேறு நாடுகளில் இந்த வேலை செய்பவர்களில் பலருக்கு இப்படி ஒரு பிடிமானம் கிடையாது அக்கா.

விண்ணப்பிக்கும் முன் ஏதாவது ஒரு தயாரிப்பு நிறுவனத்தில் சில மாதம் பிராக்டிகும், அதாவது பயிற்சி வேலை, செய்யட்டும், விடிய முன் எழுந்து, மழையில் கேபிள் சுற்றி, அப்புறமும் இதுதான் வேண்டும் என்கிறாளா பார்ப்போம். அடுத்த கிழமை அவளையும் கூட்டிக்கொண்டு வாருங்கள், இதுவரை எழுதியது பத்துப் பக்கமாவது இருந்தால் கொண்டுவரச் சொல்லுங்கள், நான் படிக்கிறேன்.